மௌனத்துக்கு மேல்முறையீடு எங்கே?

மாசிமகத்தன்று புதுச்சேரியின் வைத்திக்குப்பத்துக் கடற்கரைக்குத் தெய்வங்கள் வருகின்றன. மயிலத்திலிருந்து முருகன் வருகிறார். தீவனூரிலிருந்து பிள்ளையார் வருகிறார். திண்டிவனத்திலிருந்து பெருமாள் வருகிறார். தமிழகத்து எல்லையைக் கடந்து புதுவை மண்ணை மிதிக்கும் அந்தத் தெய்வங்களை மறித்து, "எந்தத் தடத்துக்கு அனுமதி? எத்தனை நடைக்கு அனுமதி? எதிர்ப்பு மனு ஏதேனும் உண்டா?" என்று எவரும் கேட்பதில்லை. அந்தத் தெய்வங்களைக் காண வரும் மனிதனை ஏற்றிவருகிறதே பேருந்து, அதனிடம்தான் அத்தனை கேள்வியும்! அதற்கு வேண்டும் பர்மிட்.

வேண்டியதுதான். பர்மிட்டே கூடாது என்று வழக்காட நாம் வரவில்லை. கண்டவர் கண்டபடி வண்டி ஓட்டி, பயணிகளைப் பிடிப்பதற்காக ஒருவரை ஒருவர் முந்தி, பள்ளத்தில் உருண்ட காலத்தை நாடு கண்டிருக்கிறது. நாம் கேட்பது வேறு. பர்மிட் கேட்டு ஒருவன் மனுக் கொடுக்கிறான். தருகிறேன் என்றால் வண்டி ஓட்டுவான். தரமாட்டேன் என்றால் மேல்முறையீடு செய்வான். தருகிறேன் என்றும் சொல்லாமல், தரமாட்டேன் என்றும் சொல்லாமல், மனுவை மேசைமேல் வைத்துக்கொண்டு மாதக்கணக்கில் வாய்மூடி இருந்தால் அவன் எங்கே போவான்? யாரிடம் முறையிடுவான்?

இந்தக் கேள்விக்கு விடை தேடப் புகுந்தால், சட்ட வரலாற்றில் புதுச்சேரிக்கென்றே ஓர் ஏடு இருப்பது தெரியவரும். ஒரு பேருந்து பர்மிட்டுக்காக உச்சநீதிமன்றம்வரை சென்ற வழக்கில், "புதுச்சேரி இந்தியாவில் இருக்கிறதா, இல்லையா?" என்ற கேள்வியே எழுந்தது. அந்த ஏட்டைப் புரட்டுமுன், பர்மிட் என்னும் இந்தச் சீட்டு எப்படிப் பிறந்தது என்பதைப் பார்த்துவிடுவோம்.

வெள்ளையர் ஆட்சியில் 1939ஆம் ஆண்டு மோட்டார் வண்டிச் சட்டம் இயற்றப்பட்டது. அதற்கு முன் 1914ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருந்தது. அது வண்டியைப் பதிவு செய், ஓட்டுநர் உரிமம் வாங்கு என்ற அளவில் நின்ற சட்டம். 1939ஆம் ஆண்டுச் சட்டம்தான் தடத்துக்குத் தடம், வண்டிக்கு வண்டி என்று பர்மிட்டை முறையாக வகுத்தது. மக்கள் நலன் ஒன்றே அதற்குக் காரணம் என்று எண்ணிவிடவேண்டாம். 1930களில் இரயிலின் வருவாயைப் பேருந்து அரித்துக்கொண்டிருந்தது. மிட்செல், கிர்க்னெஸ் என்ற இருவர் 1933இல் அறிக்கை தந்தனர். வெட்ஜ்வுட் குழு 1937இல் அறிக்கை தந்தது. இரயிலுக்கும் சாலைக்கும் இடையே ஒருங்கிணைப்பு வேண்டும் என்ற பேச்சு வளர்ந்தது. இரும்புப் பாதையில் போட்ட முதலைக் காக்கும் கவலையும் அந்தச் சட்டத்தின் கருவில் இருந்தது.

அந்தச் சட்டத்தின் 47ஆம் பிரிவைப் படியுங்கள். பர்மிட் கொடுக்குமுன் யார் யார் சொல்வதைக் கேட்கவேண்டும் என்று அது வரிசை போடுகிறது. அந்தத் தடத்திலோ அதன் அருகிலோ ஏற்கெனவே வண்டி ஓட்டுகிறவர் சொல்வதைக் கேட்கவேண்டும். அரசு ஏற்றுக்கொண்ட சங்கம் சொல்வதைக் கேட்கவேண்டும். ஊராட்சி, நகராட்சி சொல்வதையும், போலீசார் சொல்வதையும் கேட்கவேண்டும். பொதுமக்கள் நலனைக் கருதவேண்டும் என்றும் எழுதியிருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் கட்டுமரம் கரைசேர்ந்ததும் மீன்கூடையைத் தலையில் ஏற்றி, வில்லியனூர்ப் பக்கம் போகப் பேருந்து வருமா என்று சாலையோரம் நிற்கிறாளே வைத்திக்குப்பத்து மீனவப் பெண், அவள் நேரே வந்து, "எனக்கு வண்டி வேண்டும், காலையில் வேண்டும்" என்று சொல்ல அந்த வரிசையில் இடம் இல்லை. புதிய வண்டி வந்தால் வருவாய் குறையும் என்று அஞ்சுகிறவனுக்கு இடம் உண்டு. வண்டி வராவிட்டால் மீன் அழுகும் என்று அஞ்சுகிறவளுக்கு இடம் இல்லை!

அடுத்து 57ஆம் பிரிவு. இங்கேதான் நம் பொருளின் வேர் இருக்கிறது. பேருந்து பர்மிட் வேண்டுவோர், வண்டி ஓடத் தொடங்கவேண்டிய நாளுக்கு 6 வாரம் முன்பாகவே மனுச் செய்யவேண்டும் என்பது பொது விதி. மனுவை அதிகாரக்குழு வெளியிடவேண்டும். வெளியிட்டு 30 நாளேனும் கழிந்தபின் ஒரு நாள் குறித்து ஆராயவேண்டும். எதிர்ப்பு வந்தால் எல்லோரும் அறிய விசாரிக்கவேண்டும். மறுத்தால் காரணத்தை எழுத்தில் தரவேண்டும்.

அழகான ஏற்பாடுதானே? அழகுதான், ஆனால் கணக்கைக் கவனியுங்கள். குறைந்தது 6 வாரம், குறைந்தது 30 நாள் என்று சொன்ன அந்தச் சட்டம், மிகுதியாக எத்தனை நாள் என்று சொல்லவில்லை. குடிமகனுக்குக் கெடு வைத்தார்கள்; அதிகாரிக்குக் கெடு வைக்கவில்லை. மனு ஒரு நாள் பிந்தினால் குற்றம்; முடிவு ஓர் ஆண்டு பிந்தினால் "பரிசீலனையில் இருக்கிறது."

தாமதம் யாருக்கு இலாபம்? புதிதாக வரத் துடிப்பவன் வண்டிக்குக் கடன் வாங்கியிருப்பான். வட்டி ஓடும், வண்டி ஓடாது. ஏற்கெனவே தடத்தில் இருப்பவனுக்கோ ஒவ்வொரு நாள் தாமதமும் ஒரு நாள் வசூல். புதியவனை வெல்லவேண்டிய தேவைகூட அவனுக்கு இல்லை. விசாரணையை அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிவைத்தாலே போதும். போதாக்குறைக்குச் சட்டமே அவனுக்கு ஒரு நிழற்குடை பிடித்தது. 62ஆம் பிரிவின்படி 4 மாதத்துக்கு மேற்படாமல் தற்காலிக பர்மிட் தரலாம். எதற்கெல்லாம்? திருவிழாக்களுக்கும் சமயக் கூட்டங்களுக்கும் தரலாம். பருவகால வாணிபத்துக்குத் தரலாம். திடீர்த் தேவைக்குத் தரலாம். அவற்றோடு, பழைய பர்மிட்டைப் புதுப்பிக்கும் மனு முடிவாகாமல் இருக்கும்போதும் தரலாம் என்று பின்னர் சேர்த்தார்கள். மாசிமகக் கூட்டத்துக்கு ஒரு சிறப்புப் பேருந்து விடுவதில் தவறில்லை. ஆனால் முடிவெடுக்காத காலத்துக்கெல்லாம் பழையவரே தற்காலிகச் சீட்டோடு ஓட்டலாம் என்றால், முடிவெடுக்க யாருக்கு என்ன அவசரம்? இதற்கு மேலும், புதுப்பிக்கக் கேட்பவரும் புதிதாகக் கேட்பவரும் மற்றவற்றில் சமமாக இருந்தால் புதுப்பிப்பவருக்கே முதலிடம் என்றது 58ஆம் பிரிவு.

சரி, இதற்கு நீதிமன்றத்தில் மருந்து இல்லையா?

1950க்கு முன் ஏறத்தாழ இல்லை என்றே சொல்லவேண்டும். கடமையைச் செய் என்று அதிகாரிக்குக் கட்டளையிடும் ஆணைக்கு மாண்டமஸ் என்று பெயர். தமிழில் செயலுறுத்து ஆணை என்கிறோம். சென்னை உயர்நீதிமன்றம் அத்தகைய கட்டளையை 1877ஆம் ஆண்டுச் சட்டத்தின் 45ஆம் பிரிவின்கீழ் சென்னை நகர எல்லைக்குள் மட்டுமே பிறப்பிக்க முடிந்தது. எல்லைக்கு வெளியே இருக்கும் அதிகாரியின் ஆணையைத் தன் முன் வரவழைத்து நீக்கும் அதிகாரமும் உயர்நீதிமன்றத்துக்கு இல்லை என்று, பர்லாகிமிடி ஜமீன் வழக்கில் 1943இல் இலண்டன் பிரிவி கவுன்சில் தீர்த்துவிட்டது. அது குடியானவர்கள் தொடுத்த வழக்கு. ஜமீனின் குடிவாரம் பற்றிய அந்தத் தீர்ப்பு, தஞ்சையிலும் தென்னார்க்காட்டிலும் பர்மிட்டுக்குக் காத்திருந்தவனையும் சேர்த்தே கட்டிப்போட்டது. மயிலாப்பூரில் இருப்பவனுக்கு ஒரு நீதி, மாயவரத்தில் இருப்பவனுக்கு வேறொரு நீதி!

1950 சனவரி 26இல் அரசியல் சட்டம் நடப்புக்கு வந்தபோது இந்த வேலி விழுந்தது. 226ஆம் பிரிவு, உயர்நீதிமன்றத்தின் ஆட்சிவரம்பு முழுவதற்கும் பேராணைகளைப் பிறப்பிக்கும் அதிகாரத்தைத் தந்தது. பஸ் முதலாளிகள் கூட்டங்கூட்டமாக உயர்நீதிமன்றப் படி ஏறினார்கள். அந்த நாள்களின் சட்டத் தொகுப்புகளைப் புரட்டினால், அரசியல் சட்டத்தின் அரிச்சுவடியைப் பேருந்து வழக்குகளே எழுதினவோ என்று ஐயுறத் தோன்றும். பொதுச்சாலையில் பேருந்து ஓட்டுவது அரசு போடும் பிச்சையன்று, தொழில் செய்யும் அடிப்படை உரிமையின் பகுதி என்று தென்காசிப் பேருந்து நிறுவனம் ஒன்றின் வழக்கில் சென்னை உயர்நீதிமன்றம் கூறியது. 1954இல் சகீர் அகமது வழக்கில் உச்சநீதிமன்றமும் அந்தக் கருத்தை ஒப்புக்கொண்டது.

ஆனால் உரிமை என்று சொன்னதாலேயே பர்மிட் கைக்கு வந்துவிடவில்லை. கும்பகோணத்தில் ஐந்து பேருந்துகள். அவற்றுக்கு உரிமை கோரி இரு தரப்பு. ஒருபுறம் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கு, மறுபுறம் போக்குவரத்து அதிகாரக்குழுவில் பர்மிட் சண்டை, அதன்மேல் அரசுக்கு முறையீடு என்று ஆண்டுகள் உருண்டன. கடைசியில் சென்னை உயர்நீதிமன்றம் தலையிட்டு, இன்னாருக்கு பர்மிட் கொடு என்றே கட்டளையிட்டது. 1952இல் வீரப்ப பிள்ளை எதிர் இராமன் அண்டு இராமன் என்ற அந்த வழக்கில் உச்சநீதிமன்றம், கொடு என்று சொல்லும் வேலை நீதிமன்றத்தினுடையதன்று, அது அதிகாரக்குழுவின் தேர்வுக்கு உரியது, பேராணை அதிகாரத்தை மேல்முறையீட்டு அதிகாரமாக மாற்றிவிடக்கூடாது என்று கூறி, அந்தக் கட்டளையை நீக்கியது.

இந்தத் தீர்ப்பை ஊன்றிப் பார்க்கவேண்டும். தாமதத்துக்கு இன்றுவரை உள்ள மருந்தின் அளவை அது காட்டுகிறது. வாய்மூடி இருக்கும் அதிகாரியை, "வாயைத் திற" என்று நீதிமன்றம் அதட்டலாம். "இப்படிச் சொல்" என்று சொல்லிக்கொடுக்க முடியாது. நியாயமான எல்லைதான். நீதிபதி ஆர்.டி.ஓ. ஆகிவிடக்கூடாது. ஆனால் வாயைத் திற என்று சொல்லவைப்பதற்கே கும்பகோணத்தான் சென்னைக்குப் போகவேண்டும், வழக்கறிஞர் வைக்கவேண்டும். அதற்குள் அவன் பேருந்தின் சக்கரம் துருப்பிடிக்கும்.

கும்பகோணத்தானுக்குப் போகச் சென்னையாவது இருந்தது. புதுச்சேரிக்காரன் கதை என்ன?

1954 அக்டோபர் 18இல் கீழூரில் மக்களின் பேராளர்கள் 178 பேர் கூடினர். 170 பேர் இந்தியாவோடு இணைவதற்கு ஆதரவாகவும், 8 பேர் எதிர்ப்பாகவும் வாக்களித்தனர். மூன்றாம் நாள், அக்டோபர் 21இல், இந்தியாவும் பிரான்சும் உடன்பாடு செய்துகொண்டன. நவம்பர் 1இல் ஆட்சி கைமாறியது. மூவண்ணக்கொடி ஏறியது. ஊரெல்லாம் விடுதலை விழா. ஆனால் சட்டத்தின் கண்ணுக்கு அது கைமாற்றமே தவிர உரிமைமாற்றமன்று. உரிமையை மாற்றித்தரும் ஒப்பந்தம் 1956 மே 28இல்தான் கையெழுத்தாயிற்று. கையெழுத்தானபின் அதைப் பிரெஞ்சு நாடாளுமன்றம் ஏற்கவேண்டும். அல்ஜீரியாவில் போர் எரிந்துகொண்டிருந்த காலம். ஒரு குடியேற்றத்தை விட்டுக்கொடுப்பதாக எழுதிய தாளைத் தொட அங்கே எவருக்கும் துணிவில்லை. 1956, 57, 58 என்று ஆண்டுகள் நகர்ந்தன. 1962 ஆகஸ்ட் 16இல்தான் ஒப்புதல் பத்திரங்கள் கைமாறின. ஒரு பேருந்து மட்டுமா? ஒரு நாட்டுப்பகுதியே தன் சீட்டுக்காக ஆறாண்டு மேசைமேல் கிடந்தது!

அந்த இடைக்காலத்தில் இந்திய அரசு, அயல்நாட்டு ஆட்சிவரம்புச் சட்டம் என்ற 1947ஆம் ஆண்டுச் சட்டத்தின் துணையோடு புதுவையை ஆண்டது. பெயரைப் பாருங்கள்: அயல்நாடு! அந்தச் சட்டத்தின்வழியே 1939ஆம் ஆண்டு மோட்டார் வண்டிச் சட்டமும் புதுவைக்கு நீட்டப்பட்டது. அதிகாரக்குழு வந்தது, பர்மிட் வந்தது, பர்மிட் சண்டையும் உடன்வந்தது. முதன்மை ஆணையர் மேல்முறையீடு கேட்கும் அதிகாரியானார்.

புதுவைத் தடம் ஒன்றின் பர்மிட்டுக்குப் போட்டி எழுந்தது. முதன்மை ஆணையரின் முடிவு தனக்கு எதிராகப் போக, மனுதாரர் உச்சநீதிமன்றத்தை அடைந்தார். மஸ்தான் சாகிப் எதிர் புதுச்சேரி முதன்மை ஆணையர் என்பது வழக்கின் பெயர். சட்டம் பயில்வோர் இன்றும் படிக்கும் வழக்கு. பர்மிட் யாருக்குச் சேரும் என்ற கேள்விக்கு நீதிமன்றம் வருமுன்பே எதிர்த்தரப்பு ஒரு தடையை எழுப்பியது: புதுச்சேரி இந்திய நிலப்பரப்பில் இல்லை, ஆகவே இந்த மன்றத்துக்கு அங்கே கை நீளாது!

நீதிபதிகள் இந்திய அரசையே கேட்டனர். 1954ஆம் ஆண்டு உடன்பாட்டினாலும் மற்ற ஏற்பாடுகளினாலும் புதுச்சேரி அரசியல் சட்டத்தின் 1ஆம் பிரிவு சொல்லும் இந்திய நிலப்பரப்பில் அடங்குமா? அடங்காவிட்டால் அங்கே உங்கள் ஆட்சியின் அளவு என்ன? அரசு விடை தந்தது: ஆட்சி எம்முடையதுதான், ஆயினும் நிலம் இந்தியாவில் சேரவில்லை.

விழா எடுத்த அதே அரசு, கொடி ஏற்றிய அதே அரசு, வரி வாங்கிய அதே அரசு, மன்றத்தில் சொன்னது இது. சட்டப்படி அது பொய்யன்று. ஒப்பந்தம் ஏற்கப்படாத நிலையில் வேறு விடை சொல்லவும் இயலாது. ஆனால் வைத்திக்குப்பத்தில் நின்று அதைக் கேட்டவனுக்கு எப்படி இருந்திருக்கும்?

1961 டிசம்பர் 8இல் தீர்ப்பு வந்தது. புதுச்சேரி இந்திய நிலப்பரப்பன்று. ஆகவே முதன்மை ஆணையர் "இந்திய நிலப்பரப்பிலுள்ள தீர்ப்பாயம்" அல்லர். 136ஆம் பிரிவின்படி மேல்முறையீடு செல்லாது. அப்படியானால் அடிப்படை உரிமை காக்கும் 32ஆம் பிரிவு? அதன் கை நிலப்பரப்புக்கு வெளியேயும் நீளும், இந்திய அரசின் கட்டுப்பாட்டில் இயங்கும் அதிகாரி எவராயினும் அவரை எட்டும் என்று நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. மனுதாரரின் நெஞ்சில் ஒரு கணம் பால் வார்த்திருக்கும்! ஆனால் பர்மிட் மேல்முறையீட்டைக் கேட்கும்போது ஆணையர் செய்வது நீதிமன்றம் போன்ற பணி. அந்தப் பணியில் இப்படித் தீர்ப்புச் சொல் என்று இந்திய அரசு அவருக்குக் கட்டளையிட முடியாது. ஆகவே அந்தப் பணியளவில் அவர் அரசின் கட்டுப்பாட்டில் இருப்பவர் அல்லர். பேராணை அவரை எட்டாது. மனு தள்ளுபடியாயிற்று.

எண்ணிப் பாருங்கள். அந்தத் தீர்ப்புக்குச் சரியாக 8 திங்களும் 8 நாளும் கழிந்து, 1962 ஆகஸ்ட் 16இல் புதுவை சட்டப்படி இந்தியாவில் சேர்ந்தது. அந்த ஆண்டு நவம்பரில் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஆட்சிவரம்பு புதுவைக்கு நீண்டது. நாடாளுமன்றம் 14ஆம் திருத்தத்தால் புதுவையை ஒன்றியப் பகுதிகளின் பட்டியலில் சேர்த்தது. ஓர் ஆண்டு பொறுத்திருந்தால் அதே மனு உள்ளே நுழைந்திருக்கும். தாமதத்தால் கெட்டவர் கோடி. இங்கே விரைந்ததால் கெட்டவர் ஒருவர்! அவர் விரைந்ததும் குற்றமன்று. பாரிசு நகரம் பிந்தியதுதான் குற்றம்.

பாரிசு என்றதும் ஒன்றைச் சொல்லியாகவேண்டும். அதிகாரியின் மௌனத்தை என்ன செய்வது என்ற கேள்விக்கு ஆங்கிலச் சட்டத்தைவிடத் தெளிவான விடையைப் பிரெஞ்சுச் சட்டம் நெடுங்காலத்துக்கு முன்பே கண்டிருந்தது. 1900 சூலை 17ஆம் நாள் அங்கே ஒரு சட்டம் செய்தார்கள். குடிமகன் மனுக் கொடுத்து 4 மாதம் ஆகியும் ஆட்சித்துறை விடை தராவிட்டால், மறுத்துவிட்டதாகவே கொள்ளலாம். அந்த "மறுப்பை" எதிர்த்து உயர்ந்த ஆட்சித்துறை நீதிமன்றமான கோன்செய் தெத்தாவுக்குப் போகலாம். மறுத்ததாகக் கொள்வதில் என்ன நன்மை என்று கேட்கத் தோன்றும். நன்மை பெரிது! மேல்முறையீட்டுக்கு ஓர் ஆணை வேண்டும், மௌனம் ஆணையன்று. நம் 1939ஆம் ஆண்டுச் சட்டத்தின் 64ஆம் பிரிவு, பர்மிட் மறுக்கப்பட்டவன் மேல்முறையீடு செய்யலாம் என்றது. மறுக்கவே இல்லை என்றால்? அந்தப் பூட்டைத் திறக்கும் சாவியைத்தான் பிரெஞ்சுக்காரர் செய்துவைத்தனர். 2000ஆம் ஆண்டில் 4 மாதத்தை 2 மாதமாகக் குறைத்தனர். 2013 நவம்பரில் மற்றொரு சட்டம் செய்து, பல துறைகளில் மௌனம் மறுப்பு அன்று, சம்மதம் என்றே மாற்றிவிட்டனர். விலக்குகள் ஏராளம், ஆயினும் விதி தலைகீழாயிற்று.

பிரெஞ்சு ஆட்சி புதுவைக்கு நன்மையே செய்தது என்று பாடுவதற்காக இதைச் சொல்லவில்லை. அடிமையாக்கியவனிடமும் கற்கவேண்டிய ஒன்று இருந்தது. தெருப்பெயர்களையும் போலீசாரின் சிவப்புத் தொப்பியையும் பேணிக் காத்தவர்கள், அந்த ஒன்றைப் பேணவேண்டும் என்று எண்ணவில்லை.

1962க்குப் பின் புதுவையின் பாதை தமிழகத்தின் பாதையோடு கலக்கிறது. நிலமும் அப்படித்தான்: புதுவைப் பகுதி ஒரே துண்டாக இல்லை, தமிழக ஊர்களுக்கிடையே சிதறிக்கிடக்கிறது. புதுவையிலிருந்து புறப்படும் பேருந்து சற்றுத் தொலைவு போனாலே எல்லையைக் கடக்கிறது. ஓர் ஆட்சி தந்த பர்மிட்டுக்கு மற்றோர் ஆட்சியின் மேலொப்பம் வேண்டும். இரண்டு மேசை, இரண்டு மௌனம்!

தமிழகத்தில் அப்போது வேறொரு போராட்டம் நடந்துகொண்டிருந்தது. பர்மிட் கேட்போருக்கு மதிப்பெண் போடும் முறையொன்றை 1956 ஏப்ரல் 28ஆம் நாள் அரசாணை வகுத்திருந்தது. பணிமனை இருந்தால் இவ்வளவு, அனுபவம் இருந்தால் இவ்வளவு என்று பள்ளிக்கூடத் தேர்வு போல. இராசகோபால நாயுடு வழக்கில் 1964இல் உச்சநீதிமன்றம் அதைச் செல்லாதென்றது. நீதிமன்றம் போன்ற பணியைச் செய்யும் குழுவுக்கு இப்படித் தீர்ப்புச் சொல் என்று அரசு ஆணையிடக்கூடாது என்பதே காரணம். மூன்றாண்டுக்கு முன் புதுவைக்காரரை வெளியே நிறுத்திய அதே கோட்பாடு, இங்கே மனுதாரருக்குக் கேடயமாயிற்று. பின்னர் 1969இல் ஒப்பிலிசாமி நாயுடு வழக்கில், ஒரு தடத்துக்கு எத்தனை வண்டி வேண்டும் என்பதை முதலில் முடிவு செய்துவிட்டே மனுக்களை ஆராயவேண்டும் என்றது உச்சநீதிமன்றம். ஒழுங்கான முறைதான். ஆனால் எத்தனை வண்டி என்று முடிவு செய்யாமலே காலம் கடத்துவதற்கும் அது வழிவிட்டது.

1971இல் தமிழக அரசு சட்டம் செய்து, பெரும் எண்ணிக்கையில் பேருந்து வைத்திருந்தோரின் வண்டிகளைப் பொதுவுடைமையாக்கியது. 1972இல் பல்லவன் பிறந்தது, பின் சேரன், சோழன், பாண்டியன். பர்மிட் சண்டையின் பெரும்பகுதி அதனால் ஓய்ந்தது. ஊருக்கு ஊர் பேருந்து போயிற்று. அதை இந்நாட்டுப் பெருஞ்சாதனை என்றே நாம் கருதுகிறோம். ஆனால் அரசுடைமையும் தாமதத்துக்குத் தப்பவில்லை என்பதை வடநாட்டுக் கதையொன்று காட்டும். உத்தரப் பிரதேசத்தில் சகாரன்பூர், சாதரா, தில்லித் தடத்தை அரசே ஏற்கும் திட்டம் 1959இல் வெளியாயிற்று. எதிர்ப்பு மனுக்கள், இடைக்காலத் தடைகள், மறுவிசாரணைகள் என்று கால் நூற்றாண்டு ஓடியது. இத்தனைக் காலம் கிடந்த திட்டம் இனிச் செல்லாது என்று 1985இல் உச்சநீதிமன்றம் அதை நீக்கியது. அரசு மறுபடி திட்டம் போட்டது, மறுபடி வழக்கு, 1992இல் அதே நீதிமன்றம் பழைய முதலாளிகள் வழக்கையே வாகனமாக்கி ஓட்டிய கதையைக் கண்டு கடிந்துகொண்டது. தாமதம் அதிகாரியின் மேசையில் மட்டும் பிறப்பதில்லை. நீதிமன்றத்தின் திண்ணையிலும் பிறக்கும்.

இந்தப் பட்டறிவில் எழுந்தது 1988ஆம் ஆண்டு மோட்டார் வண்டிச் சட்டம்; 1989 சூலை 1இல் நடப்புக்கு வந்தது. பழைய சட்டத்தின் கதவைப் பெரிதாகத் திறந்துவிட்டது அது. 80ஆம் பிரிவு, பர்மிட்டுக்கு எந்த நேரத்திலும் மனுச் செய்யலாம் என்றது. பொதுவாக மறுக்கக்கூடாது என்றது. மறுத்தால் காரணம் எழுதவேண்டும் என்றது. புதியவனுக்கு பர்மிட் தருவதை எதிர்க்கும் உரிமை, தடத்தில் ஏற்கெனவே இருப்பவனுக்கு இல்லை என்று மிதிலேஷ் கார்க் வழக்கில் உச்சநீதிமன்றம் உறுதி செய்தது. பழைய 47ஆம் பிரிவின் வரிசையில் முதல் நாற்காலியில் அமர்ந்திருந்தவர் எழுந்து போகவேண்டியதாயிற்று.

காலக் கெடு? அதையும் இந்தச் சட்டம் அறியாமல் இல்லை. ஒரு தடத்தை அரசு ஏற்கும் திட்டத்தை வெளியிட்டு ஓராண்டுக்குள் முடிவான வடிவில் வெளியிடாவிட்டால் அந்தத் திட்டம் தானே காலாவதியாகும் என்கிறது 100ஆம் பிரிவு. சுற்றுலா வண்டிகளுக்கு 2021இல் மைய அரசு செய்த விதிகளோ, குறித்த நாள்களுக்குள் அதிகாரி முடிவெடுக்காவிட்டால் அனுமதி தந்ததாகவே கொள்ளவேண்டும் என்ற அளவுக்குப் போயின. ஆக, ஊர் சுற்றிப் பார்க்க வருவோரின் வண்டிக்கு மௌனம் சம்மதம். நாள்தோறும் வேலைக்கும் பள்ளிக்கும் சந்தைக்கும் போவோரின் பேருந்துக்கு? அதற்கு அந்த மையச் சட்டத்தில் அப்படியொரு வரி இல்லை. மறுப்புக்கு மேல்முறையீடு 89ஆம் பிரிவில் இருக்கிறது. மறுசீராய்வு 90ஆம் பிரிவில் இருக்கிறது. தற்காலிக பர்மிட் 87ஆம் பிரிவில், பழைய 62ஆம் பிரிவின் பேரனாக, அதே 4 மாதத்தோடு வாழ்கிறது.

எனவே மௌனத்தைச் சந்திப்பவன் செய்யக்கூடியது இதுதான். மனுவைக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரையிட்ட அத்தாட்சியை வாங்கிக்கொள்ளவேண்டும். சில வாரம் கழித்து நினைவூட்டு மனு ஒன்று தரவேண்டும். 2005ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ், என் மனு எந்த மேசையில், என்ன குறிப்போடு இருக்கிறது என்று கேட்கலாம். 30 நாளில் அதற்கு விடை தரவேண்டும். பர்மிட்டுக்கு இல்லாத கெடு, பர்மிட் ஏன் வரவில்லை என்ற கேள்விக்கு உண்டு! பிறகு அந்தத் தாள்களையெல்லாம் சேர்த்துக்கொண்டு, 226ஆம் பிரிவின்கீழ் செயலுறுத்து ஆணை கேட்டு உயர்நீதிமன்றம் போகவேண்டும். வழக்கின் நியாயத்துக்குள் நாங்கள் புகவில்லை, இத்தனை வாரத்துக்குள் சட்டப்படி முடிவு செய்க என்று நீதிமன்றம் கட்டளையிடும். 1952இல் போட்ட எல்லைக்கோடு அதற்குமேல் போகவிடாது. கட்டளை கைக்கு வந்ததும் மனு அதே மேசைக்குத் திரும்பும். குறித்த வாரங்கள் முடியுந்தறுவாயில் சில வேளை ஒரு மறுப்பு வரும். காத்துக் காத்துச் சலித்தவன் அந்த மறுப்பைக் கண்டு வருந்துவதில்லை. எழுத்தில் ஓர் ஆணை கிடைத்ததே என்று அதை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்கு வண்டி ஏறுகிறான். அதுவும் வேறொருவருடைய பேருந்தில்.